உடுத்திப் பழகிய தோலுக்கே அதிக விலை

பதினேழாம் நூற்றாண்டில் கனடாவுக்குச் சென்ற பிரெஞ்சு வணிகர்கள், நீர்நிலைகளில் வாழும் கொறிவிலங்கான பீவரின் புத்தம்புதிய தோலைவிடப் பழங்குடியினர் ஓராண்டுக்கு மேல் உடுத்தி அழுக்கேறிய தோலுக்குக் கூடுதல் விலை கொடுத்தது ஏன் என்று வாசகர் ஒருவர் கேட்டிருந்தார்.

பின்னணி பலரும் அறிந்ததே. ஐரோப்பாவில் பீவர் அருகிவிட்டது. அதன் மயிரில் செய்யும் தொப்பிக்கான தேவையோ வளர்ந்தது. 1603-இல் செயின்ட் லாரன்ஸ் ஆற்றங்கரையிலுள்ள தாதுசாக்கில், இன்னு பழங்குடி மக்களின் தலைவர் அனடாபிஜுவுடன் பிரெஞ்சுக்காரர்கள் உறவு பூண்டபோது பிரெஞ்சு ஆய்வுப் பயணி சாம்ப்ளேனும் உடனிருந்தார். 1608-இல் கியூபெக் குடியேற்றத்தை நிறுவிய அவர், மறு ஆண்டே இன்னு, அல்கோன்கின், வெண்டாட் ஆகிய பழங்குடிகளின் வீரர்களுடன் சேர்ந்து, அவர்களின் எதிரிகளான மொஹாக் மக்களுக்கு எதிராகப் போரிட்டார். நட்பில்லாமல் தோல் வராது.

தொப்பிக்குத் தேவைப்பட்டது தோல் அன்று, அதை ஒட்டி அடர்ந்து வளரும் மென்மையான அடிமயிர். உங்கள் தலைமுடி ஒன்றை விரல்களுக்கிடையே நீளவாக்கில் வைத்துத் தேய்த்துப் பாருங்கள்; எப்படித் தேய்த்தாலும் அது வேர்ப்பக்கமாகவே நகரும். மயிரின் மேற்பரப்பில் ஓட்டுக்கூரை போல அடுக்கியிருக்கும் கெரட்டின் என்ற புரதத்தாலான செதில்களின் விளிம்புகள் நுனியை நோக்கியிருப்பதால், ஒரு திசையில் வழுக்கும் இழை மறுதிசையில் மாட்டிக்கொள்கிறது. ஈரமும் சூடும் கொடுத்துப் பிசையும்போது, இலட்சக்கணக்கான அடிமயிர்கள் தத்தம் வேர்ப்பக்கம் ஊர்ந்து, திரும்ப வழியின்றி ஒன்றோடொன்று இறுகிப் போகின்றன. நெசவும் தையலும் இல்லாமல் உருவாகும் இந்தத் துணியே ஃபெல்ட். பீவர் ஃபெல்ட் மழையிலும் வடிவம் குலையாது.

ஆனால் அடிமயிரை மூடியிருக்கும் நீண்ட முரட்டு மேல்மயிர் ஃபெல்ட்டுக்கு ஆகாது, அதைப் பிடுங்கி எடுப்பதோ கடினம். பழங்குடியினர் தோலின் உட்புறத்தைச் சுரண்டி, விலங்கின் மஜ்ஜைக் கொழுப்பைத் தேய்த்து, ஐந்து முதல் எட்டுத் தோல்களை மூஸ் மானின் நரம்பால் தைத்து, மயிர்ப்பக்கம் உடலில் படும்படி உடுத்தினர். மாதக்கணக்கில் உராய்ந்து மேல்மயிர் உதிர்ந்தது. வியர்வையும் கொழுப்பும் ஊறிய அடிமயிர் எளிதில் பின்னிக்கொள்ளும் பதத்துக்கு வந்தது. பிரெஞ்சு வணிகர்கள் இதைக் 'கொழுப்பேறிய பீவர்' என்றே அழைத்தனர். இந்தப் பதம் இல்லாத மயிருக்காகத்தான் பிற்காலத்தில், மயிரை எளிதில் பின்னிக்கொள்ள வைக்கும் நச்சு வேதிப்பொருளான பாதரச நைட்ரேட் தொப்பிப் பட்டறைக்குள் வந்து, தொப்பித் தொழிலாளர்களின் கைகளை நடுங்க வைத்து, நரம்புகளைச் சிதைத்தது.

அருமையான தோலைக் கொடுத்துவிட்டுக் கத்திக்கும் கொப்பரைக்கும் ஏமாந்தவர்கள் என்று பழங்குடியினரைச் சித்தரிப்பது எனக்கு ஏற்புடையதன்று. உடுத்தித் தேய்ந்து, தங்களுக்கு உதவாத நிலையை நெருங்கிய ஆடையைத்தான் அவர்கள் விற்றனர். 1634-இல் இயேசு சபைப் பாதிரியார் லெ ஜூனிடம் இன்னு மனிதர் ஒருவர், கொப்பரை, கோடரி, கத்தி, ரொட்டி என எல்லாவற்றையும் பீவரே செய்து தருகிறது என்றும், ஒரே தோலுக்கு இருபது கத்திகள் தரும் ஆங்கிலேயருக்கு அறிவே இல்லை என்றும் சொல்லிச் சிரித்திருக்கிறார்.