நாய்கள் நாலு குரலில் ஊளையிட்டால்

டிஸ்னியின் 'லேடி அண்ட் த ட்ராம்ப்' (1955) கார்ட்டூன் படத்தில், கூண்டில் அடைபட்ட தெருநாய்கள் ராத்திரியில் சேர்ந்து ஊளையிடும் காட்சி ஒன்று உண்டு. ஊளைதான், ஆனால் 'ஹோம் ஸ்வீட் ஹோம்' மெட்டில், சுருதி சுத்தமாக! பாடியவர்கள் மெல்லோமென் என்ற ஆண்கள் குழு. அதில் அடிக்குரல் தர்ல் ரேவன்ஸ்கிராஃப்ட் என்ற அபூர்வப் பாடகருடையது.

நாலு பேர் நாலு வெவ்வேறு சுரம் பிடிக்கும்போது அது ஏன் இரைச்சலாகாமல் ஒரே குரல்போலத் திரண்டு வருகிறது?

நாம் ஒரு சுரம் பாடினால் தொண்டையிலிருந்து ஒரே ஒரு அதிர்வெண் மட்டும் கிளம்புவதில்லை. 220 ஹெர்ட்ஸில் பாடினால் 440, 660, 880, 1100 என்று அதன் மடங்குகளும் கூடவே ஒலிக்கும். இவைதாம் மேற்சுரங்கள். நன்றாகச் சுருதி சேர்த்த தம்புராவில் யாரும் மீட்டாத காந்தாரம் தானாகக் கேட்குமே, அது இந்த ஐந்தாவது மடங்குதான்.

இப்போது இன்னொருவர் காந்தாரம் பிடிக்கிறார். பியானோவின் சம இடைவெளிக் கணக்குப்படி அது 277.2 ஹெர்ட்ஸ். அதன் நான்காவது மடங்கு சுமார் 1109. முதல் பாடகரின் ஐந்தாவது மடங்கோ 1100. இரண்டும் உரசி, நொடிக்கு 9 விம்மல்கள் எழுகின்றன. ஒலியில் ஒரு நடுக்கம் தெரிகிறது. அவரே கொஞ்சம் இறக்கி 275-இல் நிறுத்தினால், நான்கு மடங்கு 1100. நடுக்கம் போய்விடும். துணைக்கு வாத்தியம் இல்லாதபோது, தேர்ந்த பாடகர்கள் காதாலேயே அந்த இடத்தைத் தேடிப் பிடிக்கிறார்கள். 220, 275, 330 என்று மூன்று குரல்கள் நின்றால் விகிதம் 4:5:6. மூன்றுமே 55-இன் மடங்குகள் என்பதால், யாருமே பாடாத ஓர் அடிச்சுரம் கீழே ஒலிப்பதாகக்கூட மூளைக்குத் தோன்றலாம்.

இதே காரணத்தால்தான் அந்தக் காலத் தொலைக்காட்சிப் பெட்டியின் சின்ன ஒலிபெருக்கியிலும் அடிக்குரல் காணாமல் போகவில்லை. ஆழமான சுரத்தை அதனால் சரியாக எழுப்ப முடியாது. ஆனால் மடங்குகள் வந்து சேர்ந்தால் போதும், அடிச்சுரத்தை மூளை நிரப்பிக்கொள்ளும்.

சுருதி மட்டும் போதாது, உயிரெழுத்தும் ஒன்றாக வேண்டும். வாயின் வடிவம் சில மேற்சுரங்களைத் தூக்கிவிடும், சிலவற்றை அமுக்கும். ஒருவர் 'ஆ' என்றும் அடுத்தவர் கொஞ்சம் 'ஓ' கலந்தும் பாடினால் குரல்கள் தனித்தனியே பிரிந்து தெரியும். ஊளைக்கு இங்கே ஒரு சௌகரியம்: எல்லாம் 'ஊ'! உதட்டைக் குவித்தாலே உயர்ந்த மேற்சுரங்கள் மங்கிவிடும், நாலு குரலும் இழையும். நாய்களுக்கு இதைவிடப் பொருத்தமான எழுத்து கிடையாது.

'தி சிப்மங்க் சாங்' என்ற பாட்டில் கீச்சுக்குரலில் பாடும் மூன்று கற்பனை அணில்களின் கதை வேறு. 1958-இல் அமெரிக்கப் பாடகர் ராஸ் பாக்தசேரியன் டேப்பைப் பாதி வேகத்தில் ஓடவிட்டு, மெதுவாகப் பாடிப் பதிந்தார். மூன்று அணில்களும் அவரே. ஒன்றின் மேல் ஒன்றாகப் பதிவு. முழு வேகத்தில் ஓட்டினால் குரல் ஒரு ஸ்தாயி ஏறும். ஆனால் சுருதி ஏறுவது மட்டும் அணிலை உண்டாக்காது, பெண்கள் அந்த ஸ்தாயியில் சாதாரணமாகப் பாடுகிறார்கள். வாய் எழுப்பும் ஒத்ததிர்வுகளும் சேர்ந்து இரட்டிப்பாவதுதான் விஷயம். சுமார் 17 செ.மீ. நீளமுள்ள ஆணின் குரல்பாதை பாதியாகச் சுருங்கிவிட்டதாகக் காது கணக்குப் போடுகிறது. அதனால்தான் குட்டி உடம்பு ஒன்று கண்முன் வந்து நிற்கிறது.

இணக்கம் மட்டும் கெடாது. எல்லா அதிர்வெண்ணும் இரண்டால் பெருகினாலும் 4:5:6 அப்படியே 4:5:6தான். கெடுவது கமகம்போன்ற குரல் அசைவு: நொடிக்கு 6 முறை அசைந்த குரல் 12 முறை படபடக்கும். மெய்யெழுத்துகளும் பாதி நேரத்தில் ஓடிவிடும். ஆகவே குரலை அசைக்காமல், சொற்களை நீட்டி நிறுத்திப் பாடினால்தான் கடைசியில் வார்த்தை புரியும். சிரிப்புப் பாட்டு என்று ஒதுக்கிவிட முடியாத உழைப்பு இது. 1959-இல் நடந்த முதல் கிராமி விழாவில் ஒலிப்பதிவுப் பொறியியலுக்கான விருதும் இந்தப் பாட்டுக்குக் கிடைத்தது. அதைப் பெற்ற பொறியாளர் டெட் கீப். மூன்றாவது அணிலான தியடோருக்கு வைத்தது இவர் பெயரைத்தான்.