சர்வாதிகாரமும் முற்றாதிக்கமும்

நம் நாளிதழ்களில் ‘சர்வாதிகாரம்’ என்ற ஒரே சொல் இரண்டு ஆள் வேலை பார்க்கிறது. ராணுவத்தைக் கொண்டு ஆட்சியைப் பிடித்த ஏதோ ஒரு ஜெனரலுக்கும் அதுதான், ஹிட்லருக்கும் அதுதான். ஆங்கில மூலத்தில் டிக்டேட்டர்ஷிப் என்று இருந்தாலும் சரி, டோட்டலிடேரியனிசம் என்று இருந்தாலும் சரி, மொழிபெயர்ப்பவரின் விரல் ‘சர்வாதிகாரம்’ என்றே தட்டிவிடுகிறது. செய்திக்கு இது போதும். அரசியல் தத்துவம் படிக்கிறவருக்குப் போதாது. இவ்விரண்டும் ஒன்றல்ல என்பதுதான் 20ஆம் நூற்றாண்டில் நடந்த பெரிய வாதங்களில் ஒன்று. இரண்டுக்கும் ஒரே சொல்லை வைத்துக்கொண்டால் அந்த வாதத்தைத் தமிழில் சொல்லவே வழியில்லாமல் போகிறது. டோட்டலிடேரியனிசத்துக்கு நான் வைக்கும் சொல் ‘முற்றாதிக்கம்’. ஏன் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

டோட்டலிடேரியனிசம் என்ற சொல் பிறந்த இடம் இத்தாலி. முழு, அனைத்து என்ற பொருளுடைய ‘டோட்டுஸ்’ என்ற லத்தீன் அடியிலிருந்து வந்தது. ஆனால் இது முதலில் அரசியலில் வந்தது தத்துவ விவாதத்தில் இல்லை. எடுத்தாண்டவர் ஜியோவானி அமெந்தோலா என்ற பத்திரிகையாளர், நாடாளுமன்ற உறுப்பினர், லிபரல் அரசியல்வாதி. 1923 மே 12 அன்று ‘இல் மோந்தோ’ நாளிதழில் அவர் எழுதிய விஷயம் ஒரு தேர்தல் தில்லுமுல்லு.

அந்நாளைய இத்தாலிய உள்ளாட்சித் தேர்தல்களில் ஜெயித்த பட்டியலுக்குப் பெரும்பாலான இடங்கள் போகும். தோற்ற தரப்புக்கென்று கொஞ்சம் இடங்கள் மிச்சம் வைக்கப்பட்டிருக்கும். மன்றத்தில் எதிர்த்துப் பேச நாலு பேர் இருக்கட்டும் என்ற ஏற்பாடு. பாசிஸ்டுகள் பெரும்பான்மைப் பட்டியலையும் தாங்களே போட்டார்கள், சிறுபான்மைப் பட்டியலையும் தாங்களே போட்டார்கள். பெரும்பான்மை முறை, சிறுபான்மை முறை என்று தேர்தல் பேச்சில் புழங்கிய சொற்களின் வாய்ப்பாட்டிலேயே அமெந்தோலா மூன்றாவதாக ஒன்றைச் சேர்த்தார்: ‘சிஸ்தேமா டோட்டலிட்டாரியோ’, அதாவது ‘முழு முறை’.

இந்த முதல் பொருள் எனக்கு மிகவும் பிடித்தது. பின்னால் வந்த தடித்தடியான விளக்கங்களின் சாரம் இதிலேயே இருக்கிறது. தேர்தலில் ஜெயிப்பது ஒன்று, எதிரியை மிரட்டி ஒதுக்குவது இன்னொன்று. தோற்றவன் உட்கார வேண்டிய நாற்காலியிலும் தன் ஆளையே உட்கார வைப்பது மூன்றாவது வகை. அங்கே எதிர்த்தரப்பு என்ற இடமே கிடையாது.

1925 ஜனவரியில் லெலியோ பாஸ்ஸோ என்ற இளம் சோஷலிஸ்ட் இதைப் பெயர்ச்சொல்லாக்கி ‘டோட்டலிட்டாரிஸ்மோ’ என்று எழுதினார். ஆக, வசவாகத்தான் சொல் புறப்பட்டது. அப்புறம்தான் வேடிக்கை. அதே ஆண்டு ஜூனில் முசோலினி தன் கட்சி மாநாட்டில், எங்களுடையது மூர்க்கமான ‘டோட்டலிட்டாரியா’ சித்தம் என்று பெருமையாகப் பேசினார். அக்டோபரில் மிலானில் வாய்பாடும் வந்துவிட்டது: எல்லாம் அரசுக்குள்ளே, அரசுக்கு வெளியே எதுவுமில்லை, அரசுக்கு எதிராக எதுவுமில்லை. ஜியோவானி ஜென்டீலே என்ற தத்துவப் பேராசிரியர் இதற்குத் தத்துவச் சட்டை தைத்துக் கொடுத்தார். திட்டிய சொல்லைத் திட்டு வாங்கியவர்களே பட்டமாகச் சூடிக்கொண்டார்கள். சொல்லைத் தந்த அமெந்தோலாவை 1925 ஜூலையில் பாசிச அடியாட்கள் வழிமறித்து அடித்தார்கள். அதிலிருந்து தேறாமலே 1926இல் பிரான்சில் இறந்தார்.

இனி நம் சொல்லுக்கு வருவோம். சர்வம் + அதிகாரம். எல்லா அதிகாரமும் ஒரே கையில் என்பதுதான் நேர்ப்பொருள். தமிழில் இது எப்போதும் வசவாக இருந்ததில்லை என்பதைப் பலர் மறந்துவிட்டோம். சட்டமறுப்புக் காலத்தில் காங்கிரஸ் கமிட்டிகள் தடை செய்யப்பட்டபோது, கமிட்டிக்குப் பதிலாக ஒருவரிடம் முழுப் பொறுப்பையும் கொடுத்து அவரைச் ‘சர்வாதிகாரி’ என்றார்கள். அவர் கைதானால் அடுத்த சர்வாதிகாரி. 1938 இந்தி எதிர்ப்புப் போராட்டத்திலும் இதே வழக்கம் இருந்தது. பண்டைய ரோமில் ஆபத்துக் காலத்தில் கொஞ்ச நாளைக்கு ஒருவருக்கு எல்லா அதிகாரமும் கொடுத்து ‘டிக்டேட்டர்’ என்று அழைத்தார்களே, அதன் பொருளை நம்மவர்கள் கச்சிதமாகப் பிடித்திருந்தார்கள். ஆகவே டிக்டேட்டருக்குச் சர்வாதிகாரி பொருத்தமான சொல். அதில் கை வைக்க வேண்டியதில்லை.

டோட்டலிடேரியன் என்பதில் உள்ள ‘முழு’ வேறு இடத்தில் இருக்கிறது. சர்வாதிகாரத்தில் ‘சர்வம்’ ஆள்பவனின் கையில் உள்ள அதிகாரத்தைக் குறிக்கிறது. டோட்டலிடேரியன் ஆட்சியில் முழுமை ஆளப்படுபவன் பக்கம் இருக்கிறது: அவனுடைய வேலை, வீடு, நட்பு, பொழுதுபோக்கு, மனசு எதுவும் பாக்கியில்லாமல். சர்வாதிகாரிக்கு நீங்கள் வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும். இங்கே அது போதாது, கூடச் சேர்ந்து பாட வேண்டும்.

ஜெர்மனியில் இனிச் சொந்த வாழ்க்கை உள்ளவன் தூங்குகிறவன் மட்டும்தான் என்று நாஜித் தொழிலாளர் அமைப்பின் தலைவர் ராபர்ட் லை சொன்னார். சோவியத் பக்கத்தில் நிகொலாய் கிரிலென்கோ சதுரங்கத்தைப் பற்றிச் சொன்னது இன்னும் விசேஷம். அந்த நாட்டின் சதுரங்க அமைப்புக்கே தலைவர் அவர். சதுரங்கம் நடுநிலையானது என்ற எண்ணத்தை ஒழிக்க வேண்டும், சதுரங்கத்துக்காகச் சதுரங்கம் என்பதைக் கண்டிக்க வேண்டும் என்றார். காய் நகர்த்துவதில்கூடக் கட்சிக்கு வெளியே ஓர் இன்பம் இருக்கக்கூடாது. நீதித்துறை மக்கள் கமிசாராகவும், அதாவது நீதி அமைச்சராகவும், இருந்த அந்த மனிதரை 1938இல் சுட்டுக் கொன்றார்கள்.

இந்த இரண்டு மேற்கோள்களையும் எடுத்துக்காட்டி இந்தச் சொல்லுக்கு இன்றைய கனத்தைத் தந்தவர் ஹன்னா அரெண்ட். 1906இல் ஜெர்மனியில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர். 1933இல் பெர்லினில் எட்டு நாள் காவலில் இருந்து வெளியே வந்து நாட்டைவிட்டு ஓடினார். பாரிஸ், அப்புறம் பிரான்சின் கூர்ஸ் தடுப்பு முகாம், அங்கிருந்து தப்பி 1941இல் நியூயார்க். 1951இல்தான் அமெரிக்கக் குடியுரிமை கிடைத்தது. டோட்டலிடேரியனிசத்தின் தோற்றுவாய்களைப் பற்றிய அவருடைய பெரிய புத்தகம் வெளிவந்ததும் அதே ஆண்டில்தான். இதுவரை மனிதர்கள் கண்ட கொடுங்கோன்மைகளின் பெரிய அளவு என்று இதைப் பார்க்காதீர்கள், இது புதிய வகை என்பது அவருடைய வாதம்.

கொடுங்கோன்மை என்றால் நமக்குக் குறள் இருக்கிறது. அந்த அதிகாரத்தில் வள்ளுவர் காட்டும் அரசன் யார்?

‘வேலொடு நின்றான் இடுவென் றதுபோலும்
கோலொடு நின்றான் இரவு.’

வழிப்பறிக்காரன். அவனுக்குக் குடிகளிடமிருந்து ஏதோ வேண்டும், பயமுறுத்திப் பறிக்கிறான். கொடுத்துவிட்டால் ஆளை விட்டுவிடுவான். அல்லற்பட்டவர் அழுத கண்ணீரே அவன் செல்வத்தைத் தேய்க்கும் படை என்று அதே அதிகாரம் சொல்கிறது. அழுவதற்கு ஆள் இருக்கிறார்கள், அழுததைப் பார்க்க ஊர் இருக்கிறது என்பதை வள்ளுவர் எடுத்துக்கொள்கிறார். அரெண்ட் விவரிக்கும் வதைமுகாமில் இது இல்லை. அங்கே முதலில் மனிதனைச் சட்டத்துக்கு வெளியே தள்ளுகிறார்கள், குற்றமே செய்யாதவனை உள்ளே வைப்பதன் மூலம். அடுத்து அவனுடைய அறவுணர்வைக் கொல்கிறார்கள். எதைத் தேர்ந்தெடுத்தாலும் யாராவது சாக வேண்டும் என்று நிறுத்தினால் நல்லது கெட்டதுக்கு அர்த்தமில்லை. இறந்தவனுக்காக வீட்டில் துக்கம் கொண்டாடவும் வழியில்லை, அவன் இருந்தான் என்பதே அழிக்கப்படுகிறது. கடைசியில் தனித்தன்மையும் போகிறது. வள்ளுவர் நம்பிய அந்தப் படை திரள இடமே இல்லை.

வழிப்பறிக்காரனிடமிருந்து இது எப்படி வேறுபடுகிறது என்பதற்கு ஒரு காகிதம் போதும். சோவியத் உள்துறையின் 00447ஆம் எண் ஆணை, 1937 ஜூலை 30. மாவட்டம், குடியரசு வாரியாக இலக்கு போட்டிருந்தார்கள். முதல் வகை, சுட வேண்டியவர்கள்: 75,950. இரண்டாம் வகை, முகாமுக்கோ சிறைக்கோ அனுப்ப வேண்டியவர்கள்: 1,93,000. எண்ணிக்கை முதலில் வந்தது, ஆட்கள் பிறகு வந்தார்கள். கீழேயிருந்த அதிகாரிகள் எங்கள் ஒதுக்கீட்டைக் கூட்டிக் கொடுங்கள் என்று மாஸ்கோவுக்கு எழுதினார்கள், கூட்டியும் கொடுக்கப்பட்டது. சாதாரண கொடுங்கோலன் தன் எதிரியைக் கொல்வான். இங்கே எதிரி என்பது நிரப்ப வேண்டிய ஒரு கட்டம்; இன்றைக்கு அதில் எழுதப்பட்ட பெயர் யாருடையது என்பது முக்கியமே இல்லை. இத்தகைய எதிரியை அரெண்ட் ‘புறநிலை எதிரி’ என்ற பொருளில் அழைத்தார்.

அமைப்பைச் சொல்ல அவர் எடுத்த உவமை வெங்காயம். பழைய ஆட்சிகள் மேலிருந்து கீழே இறங்கும் பிரமிடு. இது அடுக்கடுக்கான தோல்: அனுதாபிகள், உறுப்பினர்கள், உயர்மட்டப் படைகள் என்று உள்ளே போகப் போக வெறி கூடும். ஒவ்வொரு அடுக்கும் உள்ளே இருப்பவருக்கு வெளியுலகம் சாதாரணமாகத்தான் இருக்கிறது என்ற தோற்றத்தைத் தரும். பெரியாரின் வெங்காயத்தை உரித்தால் உள்ளே ஒன்றுமில்லை. இந்த வெங்காயத்தின் நடு வெற்றிடத்தில் தலைவர் உட்கார்ந்திருக்கிறார்.

அரெண்டுக்கு அரசியலின் அடிப்படை ‘ப்ளூராலிட்டி’. இதற்குப் பன்முகத்தன்மை என்றெல்லாம் எழுதுகிறார்கள். நம் இலக்கணத்தின் ‘பன்மை’யே போதும். உலகில் வாழ்வது மனிதன் இல்லை, மனிதர்கள் என்பார் அவர். ஒருவரோடு ஒருவர் பேசி, சேர்ந்து செயல்பட நடுவே இடைவெளி வேண்டும். பயங்கரம் ஓர் இரும்புப் பட்டைபோல் எல்லோரையும் நெருக்கி அந்த இடைவெளியை இல்லாமல் ஆக்குகிறது. பன்மை அழிந்து ராட்சச ஒருமை ஒன்று மிஞ்சுகிறது.

இங்கேதான் ‘பவர்’ என்ற சொல் வருகிறது, தமிழில் அடுத்த சிக்கலும் வருகிறது. மாக்ஸ் வேபர் என்ற ஜெர்மன் சமூகவியலாளரைப் பின்பற்றியவர்களுக்குப் பவர் என்பது எதிர்ப்பையும் மீறித் தன் இஷ்டத்தை நிறைவேற்றும் வாய்ப்பு. இதற்கு ‘அதிகாரம்’ சரியாகவே பொருந்தும். அதிகாரம் என்றாலே நமக்கு மேலே ஒருவர் இருக்கிறார். (நூலின் பகுதிக்கும் அதிகாரம் என்கிறோம். எழுத்ததிகாரம், சொல்லதிகாரம் என்னும்போதும் ஒரு தலைப்பு தன் கீழ் உள்ளதை எல்லாம் ஆள்கிறது.) அரெண்ட் சொல்வது வேறு. மனிதர்கள் சேர்ந்து செயல்படும்போது அவர்களுக்கு நடுவே உண்டாவதுதான் பவர். கலைந்தால் அதுவும் கலைந்துவிடும். தனி ஆள் அதை வைத்துக்கொள்ள முடியாது. துப்பாக்கிக் குழலிலிருந்து உடனடிக் கீழ்ப்படிதல் பிறக்கும், இந்தப் பவர் பிறக்காது என்று 1970இல் எழுதினார். இந்தப் பொருளுக்கு ‘அதிகாரம்’ என்று போட்டால் வாசகர் தலைகீழாகப் புரிந்துகொள்வார். ‘கூட்டாற்றல்’ என்று போடலாம், அல்லது வெறுமே ‘ஆற்றல்’. 1956இல் ஹங்கேரியில் சோவியத் பிடிக்கு எதிராக மக்கள் எழுந்தபோது தொழிற்சாலைகளிலும் ஊர்களிலும் யாரும் கட்டளையிடாமல் மன்றங்கள் முளைத்தன. சோவியத் டாங்கிகள் அவற்றை நசுக்கிய பிறகு, தன் புத்தகத்தின் 1958 பதிப்பில் அரெண்ட் அதைப் பற்றித் தனியாகவே எழுதிச் சேர்த்தார். அந்த மன்றங்களுக்கு அதிகாரம் யாரும் கொடுக்கவில்லை; ஆற்றல் இருந்தது.

பனிப்போர்க் காலத்தில் சொல்லின் கதை கொஞ்சம் கெட்டுப்போனது. 1947 மார்ச் 12 அன்று அதிபர் ட்ரூமன் அமெரிக்க நாடாளுமன்றத்தில் பேசியபோதே அது எதிரணிக்கு ஒட்டும் சீட்டாகியிருந்தது. 1979இல் ஜீன் கிர்க்பாட்ரிக் என்ற அமெரிக்க அரசியல் அறிஞர், டோட்டலிடேரியன் ஆட்சி தானாக மாறாது, வெறும் எதேச்சாதிகார ஆட்சி மாறக்கூடும், ஆகவே பின்னதோடு உறவு வைத்துக்கொள்ளலாம் என்று எழுதினார். அவர்தான் பின்னர் ரீகனின் ஐ.நா. தூதர். வேறுபாடு உண்மையானது, அதை நண்பனுக்குச் சலுகையாக மாற்றிய விதம் எனக்கு ஒப்பவில்லை. அரெண்ட் இந்தச் சொல்லில் மகா கஞ்சர். ஹிட்லரின் ஜெர்மனி, ஸ்டாலினின் ரஷ்யா, அதிலும் குறிப்பிட்ட ஆண்டுகள், அவ்வளவுதான். சொல்லுக்கே தாய்வீடான முசோலினியின் இத்தாலியை 1938 வரை அவர் அந்தக் கணக்கில் சேர்க்கவில்லை. சாதாரண தேசியவாதச் சர்வாதிகாரம் என்று தள்ளிவிட்டார்.

சரி, தமிழில் என்ன சொல்வது? ‘முழுமைவாதம்’ எழுதினால் ஏதோ ஆன்மிகம் போலத் தோன்றும். ‘எதேச்சாதிகாரம்’ தன்னிச்சையாக ஆள்வது. அதை அத்தாரிடேரியனிசத்துக்கு விட்டுவிடலாம். ‘வல்லாட்சி’ டிக்டேட்டர்ஷிப்புக்கு நல்ல தனித்தமிழ்ச் சொல், வேண்டுமானால் சர்வாதிகாரத்துக்குப் பதில் எழுதலாம். ‘பாசிசம்’ இதில் ஒரு வகையின் பெயர், பொதுப்பெயராகாது. ‘முற்றதிகாரம்’ பக்கத்தில் வருகிறது, ஆனால் அதுவும் அதிகாரத்திலேயே முடிகிறது.

நான் ‘முற்றாதிக்கம்’ என்று எழுதுகிறேன். அரெண்டின் புத்தகம் 1955இல் ஜெர்மனில் வந்தபோது தலைப்பிலேயே ‘டோட்டாலே ஹெர்ஷாஃப்ட்’ என்றுதான் இருந்தது. ஹெர்ஷாஃப்ட் என்றால் ஆதிக்கம். பதவி இல்லாமலும் ஆதிக்கம் செலுத்தலாம். சாதி ஆதிக்கம், ஆண் ஆதிக்கம் என்று நாம் சொல்வதில் அது வீட்டுக்குள் நுழைந்து மனசுக்குள் உட்காருவதும் சேர்ந்துதான் இருக்கிறது. ‘முற்று’க்கு முழுவதும் என்ற பொருளோடு முற்றுகையின் சாயலும் உண்டு, சுற்றி வளைத்து வெளியே போக வழியில்லாமல் செய்வது. புணர்ச்சியும் சிக்கலில்லை, நன்னூல் சொல்வதுபோல் ‘உயிர்வரின் உக்குறள் மெய்விட் டோடும்’. ஆதிக்கம் வடசொல்லாயிற்றே என்பவர்கள் ‘முற்றாட்சி’ எனலாம். மக்களாட்சி, குடியாட்சி வரிசையில் அழகாக உட்காரும். ஆனால் ஆட்சிக்கு வருவதற்கு முன்பே ஓர் இயக்கம் இந்தக் குணத்தோடு இருக்கும் என்கிறார் அரெண்ட். ‘முற்றாதிக்க இயக்கம்’ என்றால் அது புரிகிறது, ‘முற்றாட்சி இயக்கம்’ என்றால் குழப்பம்.

பயன்படுத்தும்போது அரெண்டின் கஞ்சத்தனம் கொஞ்சம் வேண்டும். 1975 முதல் 1977 வரை இந்தியாவில் இருந்த நெருக்கடிநிலையைச் சர்வாதிகாரம் என்று கண்டிப்பது நியாயமான பிரயோகம். தேர்தல் வைத்து அதில் தோற்றும் போன ஓர் ஆட்சியை முற்றாதிக்கம் என்றால் தவறு. ஃபிராங்கோவின் ஸ்பெயின் எதேச்சாதிகாரம். ஆளைக் குறிக்க ‘முற்றாதிக்கவாதி’, ஆட்சிக்கு ‘முற்றாதிக்க அரசு’. முதல் தடவை எழுதும்போது பக்கத்தில் டோட்டலிடேரியனிசம் என்றும் போட்டுவிடுங்கள். நாலு தடவை பழகிய பிறகு அது தேவைப்படாது.