பஸ்ஸில் பார்த்த முகம்

கும்பகோணத்திலிருந்து தஞ்சாவூருக்குப் போகும் பஸ்ஸில், பாபநாசத்தில் ஏறிய ஒரு முகம் மனத்தில் ஒட்டிக்கொள்கிறது. பெயர் தெரியாது, ஊர் தெரியாது; இரவில் தூக்கம் மட்டும் வரவில்லை. ஆலோசனைக்கு வரும் கல்லூரி மாணவர்கள் பலர் இதைக் குற்றம் செய்தவர்களைப்போலத் தலைகுனிந்து சொல்கிறார்கள். இதில் குற்றமே இல்லை. அந்த வயதில் மனம் துள்ளத்தான் செய்யும்; பெரும்பாலும் தானாகவே அடங்கியும்விடும்.

அதற்கு அடுத்து நடப்பதுதான் என் கவலை. கண்ணில் பட்டது ஒரு சிரிப்பு; மீதிக் கதையை மனமே எழுதிக்கொள்கிறது. 1974இல் டட்டன், ஆரன் என்ற இரு உளவியலாளர்கள் கனடாவில் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். உயரத்தில் ஆடும் தொங்குபாலத்தைக் கடந்த ஆண்களிடம் ஒரு பெண் சில கேள்விகள் கேட்டுத் தன் தொலைபேசி எண்ணைக் கொடுத்தார். உறுதியான பாலத்தில் அவரைச் சந்தித்தவர்களைவிட இவர்களே அதிகம் பேர் பிறகு அழைத்தார்கள். பயத்தில் எழுந்த படபடப்பை ஈர்ப்பு என்று எடுத்துக்கொண்டார்கள் என்பது ஆய்வாளர்களின் விளக்கம். ஓடிவந்து பஸ்ஸைப் பிடித்து, நெரிசலில் மூச்சுவாங்க நிற்கும்போதும் நெஞ்சு அடித்துக்கொள்ளும். அத்தனையும் எதிரே நிற்பவரால் வந்ததல்ல.

"அவள் இறங்கும் இடத்தில் நானும் இறங்குகிறேன், அவ்வளவுதான், தொந்தரவு செய்யவில்லையே" என்கிறார்கள். அய்யம்பேட்டையில் இறங்கி இருட்டில் வீட்டுக்கு நடக்கும் பெண்ணுக்கு, பின்னால் கேட்கும் காலடியே தொந்தரவு. வீட்டில் சொன்னால் படிப்பை நிறுத்திவிடுவார்களோ என்று அவள் வாய் திறப்பதில்லை. இந்தப் பயத்தைக் கேட்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது. யாரோ ஒருவன் பின்னால் வந்ததற்கு அவள் ஏன் படிப்பை இழக்க வேண்டும்?

விருப்பமில்லை என்று தெளிவாகக் காட்டிய பிறகும் ஒரு பெண்ணைத் திரும்பத் திரும்பப் பின்தொடர்ந்து பேச முயல்வது, நாட்டின் குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 78ஆம் பிரிவின்படி குற்றம். அவருடைய இணையப் பயன்பாட்டைக் கண்காணிப்பதும் அப்படியே. முதல் முறை 3 ஆண்டுகள் வரை, மறுமுறை 5 ஆண்டுகள் வரை சிறை. முகத்தைத் திருப்பிக்கொண்டாலே அது பதில்தான், தம்பிகளே. வாய்விட்டுச் சொல்லட்டும் என்று காத்திருக்காதீர்கள். மனம் அடங்க மறுத்தால் 14416 என்ற டெலி மானஸ் (அரசின் மனநல உதவிச் சேவை) எண்ணில் தமிழிலேயே பேசலாம்.

பெற்றோருக்கு ஒன்று. மகள் வந்து சொன்னால், "நீ என்ன செய்தாய்?" என்று தொடங்காதீர்கள். பெண்களுக்கான உதவி எண் 181; 18 வயதுக்குக் கீழ் என்றால் 1098. கல்லூரியை நிறுத்தாமல், சில நாட்கள் பஸ் நிறுத்தம்வரை கூடவே போய்வாருங்கள்.