காணி உறுதி இல்லாத வீட்டுக்கும் கரண்ட் எடுக்கலாம்

திருகோணமலை மாவட்டத்தில் உறுதி கையில் இல்லாத குடும்பங்களுக்குக் குறைவில்லை. 2004 சுனாமியில் பத்திரங்கள் போனவர்கள், 2006 இல் சம்பூரிலிருந்து இடம்பெயர்ந்து பல வருடங்களுக்குப் பிறகு திரும்பியவர்கள், தகப்பன் பெயரிலிருந்த பேமிட்டை (அரச காணி அனுமதிப்பத்திரத்தை) மாற்றாமலே இருப்பவர்கள், அரச காணியில் நீண்டகாலம் குடியிருப்பவர்கள் என்று பல வகை. "உறுதி இல்லாட்டி கரண்ட் தரமாட்டாங்கள்" என்று யாரோ சொன்னதைக் கேட்டு விண்ணப்பமே போடாமல் இருந்துவிடாதீர்கள்.

2009 ஆம் ஆண்டின் 20 ஆம் இலக்க இலங்கை மின்சாரச் சட்டம், காணிச் சொந்தக்காரர் மட்டுமல்ல, அங்கே குடியிருப்பவர் கேட்டாலும் மின்சாரம் வழங்கும் கடமையை விநியோக நிறுவனத்தின் மேல் வைத்தது. 2024 இல் 36 ஆம் இலக்கப் புதிய சட்டம் வந்து, மின்சார சபையைப் பல நிறுவனங்களாகப் பிரிக்க வழி செய்திருக்கிறது. அலுவலகத்தின் பெயர் மாறினாலும் முதலில் போக வேண்டியது உங்கள் பகுதி நுகர்வோர் சேவை நிலையத்துக்குத்தான். 1987 க்கு அழைத்தும் விசாரிக்கலாம்.

உறுதிக்குப் பதிலாகக் கைகொடுப்பது கிராம உத்தியோகத்தரின் கடிதம். அதில் பிரதேச செயலாளரின் கையொப்பமும் இருந்தால் பலம். 'இவர் இங்கு வசிக்கிறார்' என்ற ஒற்றை வரி போதாது. எத்தனை வருடமாக இருக்கிறீர்கள், காணி அரசினதா தனியாருடையதா, யாரும் உரிமை கோருகிறார்களா என்பதும் எழுதப்பட வேண்டும். பெயர் அடையாள அட்டையில் உள்ளபடியே இருக்கட்டும்; ஓர் எழுத்து பிசகினாலும் திருப்பி அனுப்ப அது போதும். வாக்காளர் இடாப்பின் பிரதி, பிள்ளையின் பாடசாலைக் கடிதம், கிளினிக் அட்டை, அரசின் அஸ்வெசும உதவித்தொகைக் கடிதம் எல்லாம் குடியிருப்புக்குச் சான்றுதான், கையோடு கொண்டுபோங்கள். வன இலாகா அல்லது தொல்லியல் திணைக்களத்தின் எல்லைக்குள் வரும் காணி என்றால் சிக்கல் கூடும். அப்போது பிரதேச செயலகக் காணிக் கிளையில் முதலில் பேசுவது நல்லது.

வயரிங்கையும் அலட்சியமாக விடாதீர்கள். தகரக் கூரை வீட்டில் தோல் உரிந்த வயர் ஒன்று தகரத்தில் பட்டால், அதைத் தொடும் பிள்ளையின் உயிர் போகும். மின்கசிவு வந்தால் தானாக நிறுத்தும் ட்ரிப் சுவிட்ச்சும் சரியான எர்த்தும் கட்டாயம். தகுதியுள்ள ஒருவர் பரிசோதித்துத் தரும் அறிக்கையும் கேட்பார்கள். இணைப்புக் கட்டணத்தை ஒரேயடியாகக் கட்ட முடியாதவர்கள், தவணை வசதி இருக்கிறதா என்று விண்ணப்பிக்கும்போதே கேளுங்கள்.

அப்புறம், பக்கத்து வீட்டிலிருந்து வயர் இழுப்பது. உதவி என்று தொடங்குவது இரண்டு வீட்டுக்கும் நட்டத்தில் முடிகிறது. வீட்டுக் கட்டணத்தில் மாதம் 60 அலகு வரை ஒரு விலை வீதம், அதற்கு மேல் போனால் வேறு வீதம். தனித்தனியாக 40 அலகு பாவித்தால் இரு வீடும் குறைந்த வீதத்தில் நிற்கும். ஒரே மீற்றரில் 80 ஆகும்போது அலகு விலையும் நிலையான கட்டணமும் ஏறும். அந்தக் காசைக் கடைசியில் கட்டுவது பெரும்பாலும் வயர் வாங்கிய ஏழைக் குடும்பம்தான். லைனில் நேரடியாகக் கொளுவி எடுப்பதோ குற்றம், உயிராபத்தும்கூட.

விண்ணப்பத்தை மறுத்தால் வாய்ச்சொல்லோடு வீடு திரும்பாதீர்கள். 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி, ஒரு தீர்மானத்தால் பாதிக்கப்பட்டவர் அதற்கான காரணத்தைக் கேட்டால் அதிகாரி சொல்லியாக வேண்டும். எழுத்தில் கேளுங்கள், தமிழிலேயே எழுதலாம். காரணம் நியாயமில்லை என்று பட்டால், மின்சாரத் துறையை ஒழுங்குபடுத்தும் இலங்கைப் பொதுப் பயன்பாடுகள் ஆணைக்குழுவிடம் முறையிடலாம்.

ஒன்றை மட்டும் குழப்பிக்கொள்ளாதீர்கள். மீற்றர் வந்துவிட்டதால் காணி உங்களுடையதாகிவிடாது. அரச காணி அரச காணிதான். ஆனாலும் உங்கள் பெயரில் வரும் பில், நீங்கள் அங்கே வாழ்ந்ததற்குச் சான்று. நாளைக்கு பேமிட் கேட்டுக் காணிக் கச்சேரிக்கு (அரச காணி வழங்குவதற்கான விசாரணைக்கு) போகும்போது காட்ட உதவும். முதல் மாத பில்லிலிருந்தே சேர்த்து வையுங்கள்.