இறங்குவதற்கும் ஏற வேண்டிய ஊர்

"ஏற்காட்டை விட மூணு மடங்கு உசரம், அவ்வளவுதானுங்களே டாக்டர்?" என்று கேட்டார் செவ்வாய்ப்பேட்டையில் மளிகை மொத்த வியாபாரம் செய்பவர். வயது 54. சர்க்கரைக்கும் பிரஷருக்கும் எட்டு வருடமாக என்னிடம்தான் பார்க்கிறார். நண்பர்கள், அவர்கள் வீட்டுக்காரம்மாக்கள், தங்கை மகன் ஒருவன் என்று பதினோரு பேர் சேர்ந்து லடாக் போகிறார்களாம். விமான டிக்கெட், வேன், ஏரிக்கரைக் கூடாரம் எல்லாவற்றுக்கும் பணம் கட்டியாயிற்று. என்னிடம் வந்தது "அந்த மலை மாத்திரை"யை எழுதி வாங்கிக்கொண்டு போக.

உண்மையில் அவர் சொன்ன அளவுக்குக்கூட இல்லை. ஏற்காடு 1,515 மீட்டர். லே நகரம் சுமார் 3,500. இரண்டரை மடங்குக்கும் குறைவு. ஆனால் அவர் போனில் காட்டிய பயணத் திட்டத்தில் லே வெறும் வாசற்படி. காலையில் அங்கே இறங்கி, மறுநாளே 5,300 மீட்டருக்கு மேல் உள்ள கார்துங் லா கணவாயைத் தாண்டி நுப்ரா பள்ளத்தாக்கு. அதற்கு மறுநாள் 4,200 மீட்டருக்கு மேல் பாங்காங் ஏரி ஓரத்தில் ராத்திரித் தூக்கம். சேலத்துக்காரனின் உடம்பு கடல் மட்டத்திலிருந்து 300 மீட்டர்கூட இல்லாத ஊரில் வளர்ந்தது. அதை மூன்றே நாளில் அங்கே படுக்க வைக்கப் போகிறார்கள்.

காற்றில் பிராணவாயுவின் பங்கு எங்கே போனாலும் அதே 21 சதவீதம்தான். மேலே போகப் போகக் குறைவது காற்றின் அழுத்தம். ஏற்காட்டில் கடல் மட்ட அழுத்தத்தில் ஏறக்குறைய 84 சதவீதம் இருக்கும். யாருக்கும் ஒன்றும் தெரியாது. லேயில் அது மூன்றில் இரண்டு பங்கு. கார்துங் லாவில் பாதிதான். இதை நம்ப மாட்டேன் என்பவர்கள் லேயில் சாதாரணப் பாத்திரத்தில் துவரம்பருப்பு வேக வைத்துப் பார்க்கலாம். தண்ணீர் 88 டிகிரியிலேயே கொதித்துவிடும், பருப்பு மட்டும் பருப்பாகவே கிடக்கும். குக்கர் இல்லாமல் சமையல்காரரைக் கூட்டிப்போன நம்மூர்க் கும்பல்களுக்கு இது தெரியும்.

ஏற்காட்டை வைத்து லடாக்கை அளப்பவர்கள் இரண்டு வகை. "எனக்கு ஏற்காட்டு மலைப்பாதையிலேயே வாந்தி வரும், மலை ஒத்துக்காது" என்பது ஒரு வகை. அது இருபது கொண்டை ஊசி வளைவுகளும் காதுக்குள் இருக்கும் சமநிலை உறுப்பும் சேர்ந்து செய்கிற வேலை; எலுமிச்சம்பழத்தை மோந்துகொண்டு சமாளித்துவிடலாம், உயரத்துக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. "நான் ஏற்காட்டில் ஓடியே மேடு ஏறுவேன், ஜிம்முக்குப் போகிறேன்" என்பது இரண்டாவது வகை. எனக்குப் பயம் இவர்களைப் பற்றித்தான். உடற்பயிற்சி செய்த உடம்புக்கு உயர நோய் வராது என்று எந்தச் சட்டமும் இல்லை. இன்னும் சொன்னால், பலம் இருக்கிறதே என்று வந்த அன்றே படிக்கட்டு ஏறி இறங்கி வம்பை விலைக்கு வாங்குபவர்களும் இவர்களே.

இன்னொன்றும் உண்டு. இறங்கியதும் எல்லோருக்கும் நன்றாகத்தான் இருக்கும். தலைவலி, குமட்டல், பசியின்மை, அசதி, தலைசுற்றல் எல்லாம் ஆறு மணி நேரத்துக்கும் அப்புறம், பெரும்பாலும் முதல் ராத்திரியோ மறுநாள் காலையிலோதான் தலைகாட்டும். "பார்த்தீங்களா, எனக்கு ஒண்ணுமே ஆகலை" என்று ஏர்போர்ட் வாசலில் நின்று போட்டோ அனுப்புகிறவர்களுக்கு நான் பதில் அனுப்புவதில்லை.

இதையெல்லாம் புத்தகம் படித்துச் சொல்லவில்லை. சில வருடங்களுக்கு முன் நானும் போனேன். காலை நடைப் பழக்கத்தில் சேர்ந்த பன்னிரண்டு பேர், ஒரு டெம்போ டிராவலர். கும்பலில் ஒரு டாக்டர் இருக்கிறார் என்பதே மற்றவர்களுக்குப் பெரிய தைரியம். எனக்கும் அப்படித்தான் இருந்தது, வெட்கத்தோடு சொல்கிறேன்.

எங்களோடு ஓய்வு பெற்ற பள்ளி ஆசிரியர் ஒருவர் வந்தார். வாத்தியார் என்றுதான் எல்லோரும் கூப்பிடுவோம். அறுபத்து மூன்று வயது, ஒரு மாத்திரை கிடையாது, எங்களில் அவர்தான் வேகமாக நடப்பவர். நுப்ராவில் அவருக்கு லேசாக வறட்டு இருமல். "தூசிங்க" என்றார். அங்கே மணல்மேடு உண்டு, ஒட்டகச் சவாரி உண்டு, தூசிக்குப் பஞ்சமில்லை. நானும் ஆமாம் தூசிதான் என்றேன். மனசுக்குள் வேறு ஒன்று இருந்தது: மறுநாள் பாங்காங் கூடாரத்துக்குக் கட்டிய பணம் திரும்ப வராது. அன்று காலையிலிருந்து எனக்கும் தலையின் பின்பக்கம் விண்விண்ணென்று வலி. நானும் யாரிடமும் சொல்லவில்லை. டாக்டருக்கே தலைவலி என்றால் வேன் திரும்பிவிடும் இல்லையா?

பாங்காங்கில் ராத்திரி பதினொரு மணிக்கு அவரோடு படுத்திருந்தவர் வந்து எழுப்பினார். "வாத்தியார் படுக்க மாட்டேங்கறாருங்க, உட்கார்ந்தே இருக்காரு." போய்ப் பார்த்தால் மனிதர் தலையணையைக் கட்டிக்கொண்டு முன்னால் குனிந்து உட்கார்ந்திருக்கிறார். உதடு நீலம். நாலு வார்த்தை பேசினால் மூச்சு வாங்குகிறது. ரத்தத்தில் பிராணவாயுவை அளக்கிற கருவியை விரலில் மாட்டினால் 58 சதவீதம். "ஒண்ணுமில்ல டாக்டர் தம்பி, குளிருதான்" என்றார். நெஞ்சில் காதை வைக்காமலே கறகறப்பு கேட்டது. நுரையீரலில் நீர் கோத்துக்கொண்டிருந்தது. உயரத்துக்குப் போன இரண்டாம் நாளிலிருந்து நாலைந்து நாளுக்குள் வருகிற, உயர நோய்களில் அதிகம் உயிர் எடுக்கிற வடிவம் இது. உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்கினால் அது இதுதான் என்று நினைத்துக்கொண்டு நடவடிக்கை எடுக்க வேண்டும்.

இதற்கு முதல் மருந்து கீழே இறங்குவது. ஏற்காட்டில் யாருக்காவது முடியவில்லை என்றால் வண்டியில் போட்டு இறக்கினால் ஒரு மணி நேரத்துக்குள் அடிவாரம், கொஞ்ச நேரத்தில் சேலம் ஜி.எச். மலை என்றாலே நமக்கு அந்த வரைபடம்தான் மனசில். பாங்காங்கிலிருந்து லேக்கு இறங்க வேண்டுமென்றால் முதலில் சாங் லா கணவாய்க்கு ஏற வேண்டும். அதுவும் 5,300 மீட்டருக்கு மேல். நுப்ராவிலிருந்து லே திரும்பினாலும் கார்துங் லா குறுக்கே நிற்கிறது. மூச்சுவிட முடியாதவரை இன்னும் ஆயிரம் மீட்டர் மேலே தூக்கிப்போய்த்தான் கீழே இறக்க முடியும். இந்த ஒரு விஷயத்தை எந்தப் பயணத் திட்டத்திலும் அச்சடித்து நான் பார்த்ததில்லை.

வேனில் ஆக்சிஜன் சிலிண்டர் இருந்தது, நல்லவேளை. ஓட்டுநர் அந்த ஊர்ப் பையன். என் முகத்தைப் பார்த்ததும் ஒரு கேள்வி கேட்காமல் வண்டியை எடுத்தான். தாங்ட்சே ஊர் சுகாதார நிலையத்தில் ராத்திரி முழுக்க ஆக்சிஜன், நுரையீரல் ரத்தக்குழாய் அழுத்தத்தைக் குறைக்கிற நிஃபெடிபின் மாத்திரை. காலையில் ஆக்சிஜன் வைத்த ஆம்புலன்ஸில் கணவாயைத் தாண்டி லே அரசு மருத்துவமனை. நான்காம் நாள் நடந்து வெளியே வந்தார். ஆஸ்பத்திரிக் கட்டிலில் அவர் சொன்னதுதான் இந்தக் கட்டுரைக்கே காரணம்: "நுப்ராவுலயே மேல் மூச்சு வாங்குச்சு தம்பி. பதினோரு பேரு ஆசையா வந்திருக்காங்க, நம்மளால கெட வேண்டாம்னுதான்…"

சின்னக் கும்பலாகப் போவதில் எனக்கு ஆட்சேபணை இல்லை, அதுதான் நல்லதும்கூட. ஐம்பது பேர் பஸ்ஸில் முடியாத நிறுத்தம், நெளிவு சுளிவு எல்லாம் அதில் உண்டு. ஆனால் ஒரே வண்டி, ஒரே அறைக் கணக்கு, பங்கு போட்ட பணம். ஒருவருக்கு முடியவில்லை என்றால் எல்லோருக்கும் நாள் போயிற்று. அதனால் நம் ஆட்கள் வாயைத் திறக்க மாட்டார்கள். "நல்லா இருக்கீங்களா?" என்று கேட்டால் "நல்லா இருக்கேன்" என்பதுதான் நம்மிடம் வரும் பதில், சாவுப் படுக்கையிலும் அதைச் சொல்கிற ஜனம் நாம். பெண்கள் இன்னும் ஒரு படி மேலே. வழியில் கழிப்பறை கிடையாது என்று காலையிலிருந்து தண்ணீரே குடிக்காமல் வருவார்கள். அதனால் வரும் தலைவலியா, உயரத்தால் வந்ததா என்று அப்புறம் பிரித்துப் பார்க்கவும் முடியாது.

ஆகவே கேள்வியை மாற்றிக் கேட்கச் சொல்கிறேன். தலைவலி பத்துக்கு எவ்வளவு? காலைச் சாப்பாட்டில் எவ்வளவு மிச்சம் வைத்தீர்கள்? நேற்றை விட இன்று படி ஏறும்போது மூச்சு கூடுதலா குறைவா? ராத்திரி சாப்பாட்டுக்கு முன் எல்லோரும் ஒரு காலின் விரல் நுனியை ஒட்டி இன்னொரு காலின் குதிகாலை வைத்து பத்தடி நேராக நடந்து காட்ட வேண்டும். சின்னப் பிள்ளைகள் விளையாட்டு மாதிரி வைத்துக்கொள்ளுங்கள். தள்ளாடுகிறவருக்கு, அல்லது பேச்சு குழம்புகிறவருக்கு மூளையில் வீக்கம் இருக்கலாம். அவர் "தூங்கி எழுந்தா சரியாயிடும்" என்றால் கேட்காதீர்கள்.

விரல் கருவியைப் பற்றி ஒரு வார்த்தை. கொரோனாவுக்கு அப்புறம் எல்லார் வீட்டிலும் இருக்கிறது. லேயில் முதல் நாள் 85, 88 என்று காட்டினால் அலற வேண்டாம், அங்கே அது சகஜம். கூட இருப்பவர்கள் எல்லாம் 86-இல் இருக்க, ஒருவர் மட்டும் 70 என்றால்தான் பிரச்சினை.

சரி, வியாபாரியின் திட்டத்துக்கு வருகிறேன். முதலில் லேயில் இரண்டு முழு நாள் சும்மா இருக்கச் சொன்னேன். சும்மா என்றால் சும்மா. கடைவீதியில் மெதுவாக நடக்கலாம், மதுவும் தூக்க மாத்திரையும் கூடாது. பாங்காங்குக்கு முன்னால் நுப்ரா இருப்பது நல்லதுதான், கணவாய் உயரமானாலும் படுக்கிற இடம் லேயை விடத் தாழ்வு. உடம்பு கணக்குப் பார்ப்பது படுக்கிற உயரத்தைத்தான். 3,000 மீட்டருக்கு மேல் போய்விட்டால் ஒரு ராத்திரிக்கு 500 மீட்டருக்கு மேல் கூட்டாமல் இருப்பது நல்லது. தரைவழியாகப் போகிறவர்கள் ஸ்ரீநகர், கார்கில் என்று போனால் உடம்புக்கு அவகாசம் கிடைக்கும். மணாலி வழியில் 4,290 மீட்டர் சர்ச்சுவில் முதல் ராத்திரி தங்குவதை நான் யாருக்கும் சொல்ல மாட்டேன். தலைவலி இருக்கிறவரை மேலே ஏறாதே. கூடிக்கொண்டே போனால் இறங்கு. அவ்வளவுதான் விதி.

அவர் கேட்ட மாத்திரை அசிட்டசோலமைடு, கடையில் டயமாக்ஸ் என்பார்கள். பெரியவர்களுக்கு வழக்கமாக 125 மில்லிகிராம் காலை, மாலை, ஏறுவதற்கு முந்தின நாளிலிருந்து. விரல் நுனி மரமரக்கும், சோடா சப்பென்று இருக்கும், அடிக்கடி சிறுநீர் வரும். சல்ஃபா ஒவ்வாமை, சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் டாக்டரைக் கேட்காமல் தொடக் கூடாது. அது உடம்பைச் சீக்கிரம் பழக வைக்கும், அவசரத் திட்டத்துக்கு லைசென்ஸ் கொடுக்காது. கைக்குட்டையில் கற்பூரத்தை முடிந்து மோந்தால் மூச்சு தாராளமாவது போலத் தோன்றும், ரத்தத்தில் பிராணவாயு கூடாது. கையில் பிடிக்கிற ஆக்சிஜன் டப்பா சில நிமிடத்துக்குத்தான். அதை நம்பி மேலே தங்கக் கூடாது. இன்சுலின் போடுகிறவர்கள் அதைச் சட்டைக்குள் உடம்போடு வைத்துக்கொள்ளுங்கள், உறைந்துவிட்டால் கரைத்துப் போடக் கூடாது. சமீபத்தில் ஸ்டென்ட் வைத்தவர்கள், கர்ப்பிணிகள், நுரையீரல் நோய் உள்ளவர்கள் டிக்கெட் எடுக்கும் முன்பே டாக்டரைப் பார்க்க வேண்டும்.

கடைசியாக ஒரு காகிதத்தைக் கொடுத்து, "பதினோரு பேர் பெயரையும் எழுதுங்க. ஒவ்வொரு பெயருக்கு எதிரேயும், அவருக்கு முடியலைன்னா கூடவே இறங்கப் போறவர் பெயர். வீணாகிற பணத்தை எல்லோரும் பங்கு போட்டுக்கறதுன்னு கீழே எழுதிக் கையெழுத்து வாங்குங்க" என்றேன். சிரித்துக்கொண்டே வாங்கிப் போனார்.

மறுநாள் சாயங்காலம் காகிதத்தோடு வந்தார். லேயில் ஒரு நாள் கூட்டியிருந்தார்கள், பாங்காங்கில் ராத்திரி தங்குவதை விட்டுவிட்டு, அங்கே பகலில் மட்டும் பார்த்துவிட்டுத் திரும்புவதாக மாற்றியிருந்தார்கள். பட்டியலில் தம்பதிகள் எல்லாம் ஜோடி ஜோடியாக இருக்க, இவர் பெயருக்கு எதிரே மட்டும் வேறு ஒருவர் பெயர். அதே தெருவில் எதிர்க்கடை வைத்திருப்பவர், தொழிலில் இருபது வருடப் போட்டி.

"சம்சாரத்தைத்தான் முதல்ல எழுதினேனுங்க. அப்புறம் அடிச்சுட்டேன். அவகிட்ட ஒண்ணுமில்லைன்னு சொல்லிடுவேன், அவளும் நம்பிடுவா. இவன் நம்ப மாட்டான்."