ஆறு அங்குலத்தில் நின்றுவிடும் கம்பி

மண் ஆய்வுக்காக மானாவாரி நிலங்களுக்குச் செல்லும்போது, மண்வெட்டியோடும் மாதிரிப் பைகளோடும் மூன்றடி நீளமுள்ள ஓர் இரும்புக் கம்பியையும் எடுத்துச் செல்வது என் வழக்கம். நல்ல மழை பெய்து இரண்டு நாள் கழித்து அந்தக் கம்பியை நிலத்தில் ஊன்றி இரு கைகளாலும் அழுத்தினால், அந்த நிலம் எப்படி உழப்பட்டு வந்திருக்கிறது என்பதை ஓரளவு ஊகித்துவிடலாம்.

தருமபுரி மாவட்டத்துச் செம்மண் காடு ஒன்றில், நிலக்கடலையும் ஊடுபயிராகத் துவரையும் போட்டிருந்த ஒரு பெரியவர் என்னிடம் இப்படிச் சொன்னார்: "விதைக்கிறதுக்கு முன்னாடி மூணு தடவை ரொட்டவேட்டர் ஓட்டி மாவு மாதிரி வெச்சிருந்தேன் சார். அப்படியும் மழை நின்னு எட்டு நாள்ல செடி வாடிப்போகுது." கம்பியை ஊன்றினேன். ஆறு அங்குலம் வரை வெண்ணெயில் இறங்குவதுபோல் இறங்கிய கம்பி, அதற்குமேல் அசையவில்லை. கீழ்மண் வெறுமனே காய்ந்திருந்தாலும் கம்பி இறங்காது என்பதால், தோண்டிப் பார்க்காமல் முடிவுக்கு வருவது தவறு. ஆகவே ஒரு துவரைச் செடியின் ஓரமாகக் குழி வெட்டினோம். நேராகக் கீழே போயிருக்க வேண்டிய ஆணிவேர், அந்த ஆறாவது அங்குலத்தில் மடக்கிய முழங்கைபோல் திரும்பிப் பக்கவாட்டில் ஓடியிருந்தது. பெரியவர் அந்த வேரை வெகுநேரம் கையில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

டிராக்டரில் பூட்டும் சுழல் கலப்பையான ரொட்டவேட்டர் பெரும்பாலும் நான்கைந்து அங்குல ஆழத்துக்குத்தான் மண்ணைக் கிளறும். அதன் வளைந்த கத்திகள் மேல்மண்ணைத் தூளாக்கும்போதே, அந்த ஆழத்துக்குக் கீழே இருக்கும் மண்ணைக் கரண்டியால் பூசியதுபோல் அழுத்தி வழித்துவிடுகின்றன. இரண்டு டன் எடையுள்ள டிராக்டர் வருடந்தோறும் அதே ஆழத்தில், பல நேரம் ஈரம் அதிகமாக இருக்கும்போதே ஓடினால், கீழே ஒரு கடினப் படுகை உருவாவதில் வியப்பில்லை. செம்மண்ணில் களித்துகள்களும் இரும்பு ஆக்சைடும் இயல்பாகவே கீழிறங்கிப் படிந்து இறுகும் தன்மை உண்டு என்பதால் சேதம் இரட்டிப்பாகிறது. மேலே தூளாகக் கிடக்கும் மண்ணோ, முதல் கனமழையில் கரைந்து, காய்ந்ததும் அப்பளம்போல் பொருக்குத் தட்டிவிடுகிறது. அந்தப் பொருக்கை முட்டித் திறக்க முடியாமல் முளைகள் உள்ளேயே மடங்கிக் கிடப்பதைக் கடலைக் காடுகளில் பலமுறை பார்த்திருக்கிறேன்.

அன்றைக்கே அவருடைய வீட்டில் இரண்டு கண்ணாடித் தம்ளர்களில் தண்ணீர் வாங்கி, நன்கு காய்ந்த இரண்டு மண்கட்டிகளைப் போட்டோம். ஒன்று உழுத காட்டிலிருந்து எடுத்தது, மற்றொன்று பல வருடமாகப் புல் மண்டிக் கிடந்த வரப்பிலிருந்து எடுத்தது. காட்டுக் கட்டி சில நிமிடங்களில் சேறாகக் கரைந்து அடியில் உட்கார்ந்துவிட்டது. வரப்புக் கட்டி, காப்பி குடித்து முடிக்கும்வரை உருக்குலையாமல் இருந்தது. இரண்டும் ஒரே மண்தான். வரப்பு மண்ணில் புல்லின் சல்லிவேர்கள், பூஞ்சை இழைகள், மட்கு ஆகியவை மண்துகள்களைப் பிணைத்து வைத்திருந்தன. காட்டு மண்ணிலோ ஒவ்வொரு உழவும் அந்தப் பிணைப்பை அறுத்து, காற்றை உள்ளே விட்டு, இருந்த மட்கையும் நுண்ணுயிர்கள் விரைவில் தின்று தீர்க்க வழி செய்திருந்தது. நம்முடைய வெயிலில் இந்த இழப்பு குளிர் நாடுகளைக் காட்டிலும் வேகமாக நடக்கும்.

ஓர் ஏக்கரில் 25 மில்லிமீட்டர் மழை பெய்தால் ஏறக்குறைய ஒரு லட்சம் லிட்டர் தண்ணீர். பொருக்குக்கும் படுகைக்கும் இடையே சிக்கிய நிலத்தால் அதை உள்வாங்க இயலாது. ஓடும் தண்ணீர் மேல்மண்ணையும் உடன் கொண்டுபோகிறது. இந்தியாவில் ஒரு ஹெக்டேரில் ஆண்டுக்குச் சராசரியாக 16 டன்னுக்கு மேல் மண் அரிக்கப்படுவதாக 1983இல் வெளியான மதிப்பீடு கூறுகிறது. நிலத்தில் பரப்பினால் அது ஒரு மில்லிமீட்டர் கனத்தைச் சற்றே தாண்டும் அளவுதான் என்பதால் நம் கண்ணுக்குத் தெரிவதில்லை.

"அகல உழுவதை விட ஆழ உழு" என்ற பழமொழியை நம்மில் பலர் வருடந்தோறும் ஆழமாகப் புரட்டிப் போடுவது என்றே புரிந்துகொள்கிறோம். வட்டத் தட்டுகள் கொண்ட சட்டிக் கலப்பையால் ஆழமாகப் புரட்டினால், சில நிலங்களில் கீழே கிடக்கும் சுண்ணாம்புக் கற்களும் உவர் மண்ணும்தான் மேலே வரும். கடினப் படுகைக்கு உரியது உளிக் கலப்பை. அது மண்ணைப் புரட்டாமல் கீறி மட்டும் விடுகிறது. அரை மீட்டர் இடைவெளியில், அரை மீட்டர் ஆழத்துக்கு, முதலில் ஒரு திசையிலும் பிறகு அதற்குக் குறுக்காகவும், மூன்று ஆண்டுக்கு ஒருமுறை ஓட்டி, ஹெக்டேருக்கு 12.5 டன் தொழுவுரமோ மட்கிய தென்னை நார்க் கழிவோ இடுவதே பரிந்துரை. மண் நன்றாகக் காய்ந்திருக்கும் கோடையில் ஓட்டினால்தான் படுகை நொறுங்கும். ஈரத்தில் ஓட்டினால் கத்தியால் கீறியதுபோல் ஒரு கோடு விழுந்து மறுபடி மூடிக்கொள்ளும். எருவைத் தவிர்த்துவிட்டு உளிக் கலப்பையை மட்டும் ஓட்டுவதை நான் பரிந்துரைப்பதில்லை.

சித்திரைப் புழுதியைத் தங்கத்துக்கு ஒப்பிட்டுச் சொல்வார்கள். கோடை மழைக்குப் பிறகு உழுவதால் சிவப்புக் கம்பளிப் புழுவின் கூட்டுப்புழுக்கள் வெளியே வந்து பறவைகளுக்கு இரையாகும், கோரைக்கிழங்கு வெயிலில் காயும், அடுத்த மழை உள்ளே இறங்கும். ஆனால் அந்தப் புழுதி, கட்டிகளோடு கரடுமுரடாக இருக்க வேண்டும். ரொட்டவேட்டரால் மாவாக்கிவிட்டால், பாலக்காட்டுக் கணவாய் வழியாக வீசும் ஆடிக்காற்றில் பல்லடம், உடுமலைப் பக்கங்களில் அது பறந்து அடுத்தவர் காட்டுக்குப் போய்விடும். அதற்காக ரொட்டவேட்டரையே குற்றவாளியாக்க நான் விரும்பவில்லை. விதைப்புக்கு முன் ஒரு தடவை, அதுவும் சரியான பதத்தில் ஓட்டினால் அது நல்ல கருவிதான். ஒரு பிடி மண்ணை உருண்டையாகப் பிடித்து இடுப்பு உயரத்திலிருந்து கீழே விடுங்கள்; உதிர்ந்தால் உழலாம், அப்பிக்கொண்டு தட்டையானால் பொறுத்திருக்க வேண்டும்.

உழவே வேண்டாம் என்று சொல்பவர்களும் இப்போது பெருகியிருக்கிறார்கள். காவிரிப் படுகையில், சம்பா அறுவடைக்கு ஒரு வாரம் பத்து நாள் முன்பு, வயல் மெழுகுப் பதத்தில் இருக்கும்போது நிற்கும் நெற்பயிருக்குள்ளேயே உளுந்தையும் பயறையும் விதைப்பது உழவில்லா விவசாயம்தான். (அறுவடை இயந்திரத்தின் சக்கரங்கள் அந்த முளைகளை நசுக்குவது தனிக்கதை.) அங்கே நெல்லின் தாளும் அடியீரமும் விதையைக் காக்கின்றன. தட்டையும் கொடியும் முழுவதுமாக மாட்டுக்குப் போய்விடும் செம்மண் மானாவாரியில் மண்ணை மூடிவைக்கும் மூடாக்குக்கு ஏதும் மிஞ்சாது. வெறும் மண்ணை உழாமல் விட்டால் பொருக்கு மேலும் இறுகும். கொஞ்சம் தட்டையையாவது நிலத்தில் விட முடிந்தவர்கள், அல்லது பசுந்தாள் உரமாகக் கொழிஞ்சியோ சணப்பையோ விதைத்து மடக்கி உழ முடிந்தவர்கள், உழவைப் படிப்படியாகக் குறைக்கலாம்.

சரிவுக்குக் குறுக்கே உழ வேண்டும் என்பது எல்லோருக்கும் தெரியும். நடப்பது என்னவோ வேறாக இருக்கிறது. காரணம் வாடகைக் கணக்கு. டிராக்டர் மணிக்கு இவ்வளவு என்ற வாடகையில் வருவதால், திருப்பங்கள் குறையும்படி நிலத்தின் நீள வாட்டில் ஓட்டவே ஓட்டுநரும் விரும்புகிறார், உரிமையாளரும் ஒப்புக்கொள்கிறார். நீளவாட்டமும் சரிவும் ஒன்றாக அமைந்த நிலங்களில், ஒவ்வொரு சாலும் மழைத்தண்ணீருக்கு வெட்டிக்கொடுத்த வாய்க்காலாகிவிடுகிறது. பெரியவருடைய காடும் அப்படிப்பட்டதுதான். அடுத்த கோடையில் அவர் பாதிக் காட்டில் உளிக் கலப்பை ஓட்டி எருவும் இட்டார். பிறகு விதைப்புக்குச் சரிவுக்குக் குறுக்கே ஒன்பது கொழு கொண்ட கலப்பையை ஓட்டச் சொன்னபோது, ஓட்டுநர் ஏக்கருக்குக் கால் மணி நேர வாடகை கூடுதலாகக் கேட்டார். பேரம் பேசாமல் கொடுத்துவிட்டதாகப் பெரியவர் எனக்குத் தொலைபேசியில் சொன்னார். மழை வந்ததும் கம்பியை எடுத்துக்கொண்டு வரும்படியும் கேட்டுக்கொண்டார்.