விரல் அந்தரத்தில் நிற்கும் இசை

ஒரு சிறு சோதனை. விநாடிக்கு ஒருமுறை கைதட்டிப் பாருங்கள். சிரமமே இருக்காது, பத்துத் தட்டுக்குள் கை தானாக ஓடும். இப்போது ஐந்து விநாடிக்கு ஒருமுறை தட்டுங்கள். கடிகாரத்தைப் பார்க்கக் கூடாது, மனத்துக்குள் எண்ணவும் கூடாது. ஒன்று முந்திக்கொள்வோம், இல்லையேல் தவறவிட்டு விழிப்போம். அதற்குள் மனம் திருட்டுத்தனமாக "ஒன்று, இரண்டு" என்று எண்ணத் தொடங்கியிருக்கும்.

ஒளிக்குக் கண், ஒலிக்குக் காது என்பதுபோல் காலத்துக்கென்று ஒரு புலன் நமக்கு இல்லை. தாளத்தை உணர்வதற்கு, உடலை அசைக்கும் பகுதிகளையே மூளை கடன் வாங்குகிறது. அசையாமல் உட்கார்ந்து பாட்டுக் கேட்பவரின் மூளையைப் படம் பிடித்தாலும், அசைவுகளைத் திட்டமிடும் பகுதிகளும் ஆழத்தில் இருக்கும் நரம்புத் திரள்களும் சுறுசுறுப்பாக இருப்பது தெரிகிறது. அடுத்த தட்டு எப்போது விழும் என்று அவை முன்பே கணித்துக் காத்திருக்கின்றன. பார்க்கின்சன் நோயால் நடை தடுமாறும் பலர், சீரான தாளம் ஒலிக்கும்போது சற்று எளிதாக அடியெடுத்து வைப்பதும் இந்த உறவால்தான் என்று கருதப்படுகிறது.

இந்தக் கணிப்புக்கு எல்லை உண்டு. இரு தட்டுகளுக்கு நடுவே அரை விநாடி அளவு இருந்தால் மூளைக்கு வசதி. பத்தில் ஒரு பங்கு விநாடிக்குக் கீழே போனால் தட்டுகள் குழைந்துவிடும். ஏறக்குறைய இரண்டு விநாடியைத் தாண்டினால் அவை சேர்ந்து தாளமாவதில்லை. ஒவ்வொன்றும் தனித்தனி ஓசையாக நிற்கும். நம் கச்சேரிகளில் நான்கு களைப் பல்லவிக்குத் தாளம் போடுபவர், ஒவ்வொரு எண்ணிக்கையையும் நான்காகப் பகுத்துக் கையால் காட்டுவது சும்மா இல்லை. பெரிய இடைவெளியை, மூளை தாங்கும் அளவுக்கு நறுக்கிக்கொள்ளும் உத்தி அது.

பிரெஞ்சு இசையமைப்பாளர் ஒலிவியே மெசியான் அந்த விளிம்பில் நின்று எழுதினார். இரண்டாம் உலகப் போரில், 1940இல் ஜெர்மானியரிடம் பிடிபட்டு, கெர்லிட்ஸ் நகரத்துப் போர்க்கைதிகள் முகாமில் அடைக்கப்பட்டார். முகாமில் கிடைத்த கலைஞர்களுக்கேற்ப கிளாரினெட், வயலின், செல்லோ, பியானோ ஆகிய நான்குக்கும் அவர் எழுதிய படைப்பின் பெயர் 'காலத்தின் முடிவுக்கான நால்வர் இசை'. 1941 ஜனவரி 15 அன்று, கைதிகள் முன் அது முதன்முதலில் வாசிக்கப்பட்டது.

எட்டுப் பகுதிகளில் ஐந்தாவது, செல்லோவுக்கும் பியானோவுக்கும் மட்டும். 'எல்லையற்ற மெதுவில்' வாசிக்கச் சொல்கிறார். பியானோவில் ஓயாமல் விழும் சிறு தட்டுக்கு அவர் குறித்த வேகம், நிமிடத்துக்குச் சுமார் 44. அதாவது ஒரு தட்டுக்கும் அடுத்ததற்கும் 1.36 விநாடி. பிடிக்கு எட்டும், ஆனால் அவ்வளவுதான். அதுபோல் நான்கு மடங்கு நீளும் ஒரு சுரம் ஐந்தரை விநாடிக்கு நெருங்கிவிடும். அது நாம் கைதட்டித் தோற்ற இடம்.

மெதுவாக வாசித்தால் காலம் நீளும் என்று இதைச் சுருக்கிவிடக் கூடாது. ஒரே அளவுள்ள இரண்டு இடைவெளிகளில், வெறுமையாக விட்டதைவிட ஒலிகளால் நிரப்பியதே நீளமாகத் தோன்றும் என்பது பழைய ஆய்வு முடிவு. மெசியான் செய்வது வேறு: அளக்கும் கோலையே கையிலிருந்து நழுவவிடுகிறார்.

வேகத்தைக் குறைக்காமலும் அதைச் செய்ய அவருக்குத் தெரியும். முதல் பகுதியில் பியானோ 17 கால அளவுகள் கொண்ட ஒரு வரிசையைத் திரும்பத் திரும்ப வாசிக்கிறது. அதன்மேல் ஓடும் சுரக்கூட்டுகளின் (ஒரே நேரத்தில் ஒலிக்கும் பல சுரங்கள்) வரிசையிலோ 29. இரண்டும் பகா எண்கள். ஆகவே, தொடங்கிய இடத்தில் இரண்டும் மறுபடி சேர 17 × 29, அதாவது 493 சுரக்கூட்டுகள் ஆக வேண்டும். அதற்கு வெகு முன்பே பகுதி முடிந்துவிடுகிறது. திரும்பி வருவதுபோல் இருக்கிறது, ஆனால் வந்ததே வருவதில்லை. எதிர்பார்த்தே பழகிய மூளை என்ன செய்யும்? அந்த 17 அளவுகளும் நம் பக்கத்திலிருந்து போனவை: 13ஆம் நூற்றாண்டில் சார்ங்கதேவர் 'சங்கீத ரத்னாகர'த்தில் பட்டியலிட்ட தேசி தாளங்களில் மூன்று.

ஆறாவது பகுதியில் நான்கு கருவிகளும் ஒன்றாக ஒரே இசையைச் சீறி வாசிக்கின்றன. அங்கே 3, 5, 8, 5, 3 போன்ற வரிசைகள் வருகின்றன. பின்னிருந்து படித்தாலும் அதுவே. சம்பந்தர் பாடிய மாலைமாற்றின் தாள வடிவம். சிறிதாகத் தொடங்கிப் பெருகி மீண்டும் சிறுக்கும் மிருதங்க யதி என்றும் சொல்லலாம். முன்னும் பின்னும் ஒன்றானால் காலத்துக்குத் திசை ஏது என்பது மெசியானின் வாதம். அழகான வாதம்தான், ஆனால் என் காது அதை ஒருமுறைகூடக் கண்டுபிடித்ததில்லை. காதுக்கு எட்டுவது, சமமான தட்டு எதுவும் கிடைக்காத தவிப்பு.

ஐந்தாவது பகுதியைக் கேட்கும்போது தொடையில் தாளம் போட முயன்று பாருங்கள். பியானோவைப் பிடித்துக்கொண்டால் ஓரளவு சமாளிக்கலாம். செல்லோவை மட்டும் பின்தொடர்ந்தால், சிறிது நேரத்தில் விரல் உயர்ந்துவிடும். எப்போது இறங்குவது என்று தெரியாமல் அங்கேயே நிற்கும்.